கழுகுமலைக் காவடிச் சிந்து: ஒரு வழிநடைப் பாட்டின் வரலாறு

காவடிச் சிந்து என்பது முருகன் கோயிலுக்குக் காவடி எடுத்துச் செல்வோர் வழிநடையில் பாடும் இசைப்பாட்டு வகை ஆகும். இப்பெயரைச் சொன்னதும் நினைவுக்கு வரும் நூல், சென்னிகுளம் அண்ணாமலை ரெட்டியார் (1865–1891) கழுகுமலை முருகன் மீது பாடிய காவடிச் சிந்து. சங்கரன்கோவில் வட்டாரத்தில் பிறந்த இவர் இருபத்தாறு ஆண்டுகளே வாழ்ந்தார். அந்தாதி, பிள்ளைத்தமிழ், மும்மணிக்கோவை, தலபுராணம் எனப் புலவர்கள் மதிக்கும் இலக்கிய வகைகள் பலவற்றிலும் நூல் செய்தார். அவற்றின் பெயர்களை இன்று இலக்கிய வரலாற்று நூல்களில் மட்டுமே காணலாம். நடந்து செல்லும் அடியார்களுக்காக அவர் பாடிய சிந்து மட்டும் ஒரு நூற்றாண்டுக்கும் மேலாகத் தெருவிலும் மேடையிலும் ஒலிக்கிறது. கற்றோர் அவைக்குப் பயின்ற புலமை, கால்நடையாகச் செல்வோர் பாட்டில் வந்து சேர்ந்த விதத்தை இக்கட்டுரை விவரிக்கிறது.

சங்கரன்கோவிலும் கழுகுமலையும்

சங்கரன்கோவில் இன்று தென்காசி மாவட்டத்தில் உள்ளது. 2019-இல் தென்காசி தனி மாவட்டமாகும் வரை இது திருநெல்வேலி மாவட்டத்தைச் சேர்ந்திருந்தது. சிவனும் திருமாலும் ஓருருவாக நிற்கும் சங்கரநாராயணர் சன்னிதியும், கோமதி அம்மன் சன்னிதியும், ஆடித்தபசுத் திருவிழாவும் இவ்வூரின் அடையாளங்கள். அரியும் அரனும் ஒன்று எனக் காண அம்மன் தவமிருந்தாள் என்பது அத்திருவிழாவின் பின்னுள்ள தலவரலாறு. பக்தர்கள் இக்கோயிலின் புற்றுமண்ணைப் பிரசாதமாக எடுத்துச் செல்வது வழக்கம்.

சங்கரன்கோவிலுக்குக் கிழக்கே ஏறத்தாழ 20 கிலோமீட்டர் தொலைவில் கழுகுமலை உள்ளது. இது இன்றைய தூத்துக்குடி மாவட்டத்தைச் சேர்ந்தது. மலையைக் குடைந்து அமைத்த கருவறையில் முருகன் கழுகாசலமூர்த்தியாக வழிபடப்படுகிறார். அதே மலையில் எட்டாம் நூற்றாண்டுப் பாண்டியர் காலத்து ஒற்றைக்கல் தளியான வெட்டுவான்கோயிலும், சமணத் தீர்த்தங்கரர் புடைப்புச் சிற்பங்களும் இருக்கின்றன. அருணகிரிநாதர் இத்தலத்தைத் திருப்புகழில் பாடியுள்ளார். கழுகாசல முருகன் மீது சுத்த தன்யாசி ராகத்தில் அமைந்த வடமொழிக் கிருதி ஒன்று முத்துசுவாமி தீட்சிதர் பெயரில் வழங்குகிறது. தீட்சிதர் 1835-இல் மறைந்தது இதற்கு அருகிலுள்ள எட்டயபுரத்தில்தான். கழுகுமலைக் கோயிலும் எட்டயபுரம் ஜமீன் நிர்வாகத்தில் இருந்தது. ஆகவே பயின்ற குரலுக்குரிய இசை இவ்வட்டாரத்துக்குப் புதிதன்று. அண்ணாமலை ரெட்டியார் அதே மலைக்கு, பயிலாத குரல்களும் பாடக்கூடிய பாட்டைக் கொண்டு வந்தார்.

சென்னிகுளம் சங்கரன்கோவில் வட்டத்தைச் சேர்ந்த சிற்றூர். அக்காலத்தில் கழுகுமலைக்குச் செல்ல மாட்டுவண்டியும் கால்நடையுமே வழி. மதுரையிலிருந்து தூத்துக்குடிக்கு ரயில் 1876-இல் வந்துவிட்டது. சங்கரன்கோவிலுக்கு விருதுநகர்–தென்காசிப் பாதை வழியாக ரயில் வந்தது 1927-இல்தான். ஆகவே 1880களில் இப்பகுதியிலிருந்து காவடி எடுத்தவர்கள் வெயிலில் நெடுந்தொலைவு நடந்தார்கள். அந்த நடை இல்லாமல் இந்தப் பாட்டு இல்லை.

காவடியும் சிந்தும்

அகத்தியருக்காகச் சிவகிரி, சக்திகிரி என்னும் இரு மலைகளைத் தண்டின் இரு முனைகளிலும் கட்டித் தோளில் சுமந்து வந்த இடும்பன் பழனியில் முருகனுக்கு அடியவனானான் என்பது காவடி வழிபாட்டின் தோற்றக் கதை. வில்லாக வளைந்த மரச்சட்டம், மயிற்பீலி, இரு புறமும் தொங்கும் பால் செம்பு ஆகியன காவடியின் பொது அமைப்பு. பால்காவடி, பன்னீர்க்காவடி, புஷ்பக்காவடி, மச்சக்காவடி, சர்ப்பக்காவடி என வேண்டுதலுக்கு ஏற்ப வகைகள் உண்டு. காவடி எடுப்பவர் விரதம் இருந்து, கூட்டமாகப் புறப்படுவார். ஒருவர் அடியெடுத்துப் பாட மற்றவர்கள் வாங்கிப் பாடுவது வழிநடையின் முறை.

சிந்து தமிழ் இசைப்பா வகைகளுள் ஒன்று. நொண்டிச் சிந்து, வழிநடைச் சிந்து, காவடிச் சிந்து எனப் பல கிளைகள் அதற்கு உண்டு. வெண்பாவும் விருத்தமும் ஏட்டில் சீர் பிரித்து அளக்கப்படுபவை. சிந்து தாளத்தில் அளக்கப்படுவது. எழுத்துக் குறையும் இடத்தில் பாடுவோர் ஓசையை நீட்டி நிரப்பிக்கொள்வர். இதனால் மரபான யாப்பிலக்கண நூல்களைக் கொண்டு சிந்தை முழுமையாக விளக்க முடியவில்லை. இருபதாம் நூற்றாண்டில் புதுவை அறிஞர் இரா. திருமுருகன் 'சிந்துப் பாவியல்' என்னும் நூலை இயற்றி அதற்குத் தனி இலக்கணம் வகுத்தார்.

அண்ணாமலை ரெட்டியாருக்கு முன்பே சிந்து ஏட்டிலக்கியத்துக்குள் நுழைந்திருந்தது. பதினெட்டாம் நூற்றாண்டில் இதே தென்பாண்டிப் பகுதியின் மேலகரத்தைச் சேர்ந்த திரிகூடராசப்பக் கவிராயர் தம் குற்றாலக் குறவஞ்சியில் சிந்தையும் கண்ணிகளையும் கையாண்டார். அதில் குற்றாலநாதர் மீது காதல் கொண்ட வசந்தவல்லி நிலவைப் பழித்து வருந்துகிறாள். 1861-இல் அச்சான கோபாலகிருஷ்ண பாரதியின் நந்தனார் சரித்திரக் கீர்த்தனையிலும் சிந்து இடம்பெற்றது. எனினும் அவை ஒரு நாடகத்திலோ கதையிலோ இடையிடையே வரும் பாட்டுகள். காவடிச் சிந்தையே ஒரு தனி நூலாக்கி, அதைப் புலவர்களும் ஒப்புக்கொள்ளும்படி செய்தது அண்ணாமலை ரெட்டியாரின் பங்களிப்பு. இதனால் அவர் 'காவடிச் சிந்தின் தந்தை' என்று அழைக்கப்படுகிறார்.

சென்னிகுளத்து இளைஞர்

அண்ணாமலை ரெட்டியார் 1865-இல் சென்னிகுளத்தில் சென்னவ ரெட்டியாருக்கும் ஓவு அம்மாளுக்கும் மகனாகப் பிறந்தார். திண்ணைப் பள்ளியில் தொடக்கக் கல்வி பெற்றார். பின்னர் ஊரில் இருந்த சுந்தர அடிகள் என்னும் துறவியிடம் தமிழ் பயின்றார். மேற்படிப்புக்காகத் திருவாவடுதுறை ஆதீனத்துக்குச் சென்றார்.

அப்போது ஆதீனத் தலைவராக இருந்தவர் சுப்பிரமணிய தேசிகர். ஆதீனத்தின் பெரும்புலவர் மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளை 1876-இலேயே மறைந்துவிட்டார். அவருடைய மாணவரான உ. வே. சாமிநாதையரிடம் அண்ணாமலை ரெட்டியார் சில காலம் பாடம் கேட்டார் என்று அவருடைய வரலாற்றைக் கூறும் நூல்கள் குறிப்பிடுகின்றன. இலக்கணமும் சிற்றிலக்கியமும் மனப்பாடமாகக் கற்பிக்கப்பட்ட சூழல் அது. எதுகை, மோனை, யமகம், திரிபு ஆகியவற்றில் தேர்ச்சி பெற்றவனே புலவன் என்று கருதப்பட்டான்.

அந்தத் தேர்ச்சி அவருடைய பிற நூல்களில் தெரிகிறது. சங்கரன்கோவில் திரிபந்தாதி அவற்றுள் ஒன்று. அந்தாதியில் ஒரு பாடலின் இறுதி அடுத்த பாடலின் தொடக்கமாக வரவேண்டும். திரிபந்தாதியிலோ அதற்கு மேலும் ஒரு கட்டு உண்டு. ஒரு பாடலின் நான்கு அடிகளிலும் முதலெழுத்து மட்டும் மாறி, அதைத் தொடரும் எழுத்துகள் ஒன்றாகவே நின்று, ஒவ்வோர் அடியிலும் வேறு பொருள் தரவேண்டும். இருபது வயதை ஒட்டிய ஓர் இளைஞர் இதில் நூல் செய்தார் என்பதே அவர் பெற்ற பயிற்சியின் ஆழத்தைக் காட்டும். கோமதி அந்தாதி, கருவை மும்மணிக்கோவை, வீரைத் தலபுராணம், வீரை நவநீதகிருஷ்ணன் மீதான பிள்ளைத்தமிழ் ஆகியனவும் அவர் பெயரில் வழங்குகின்றன. கருவை என்பது சங்கரன்கோவிலை அடுத்த கரிவலம்வந்தநல்லூர். வீரை என்பது வீரகேரளம்புதூர். சிவன், அம்மன், கண்ணன், முருகன் என எல்லாத் தெய்வங்களையும் அவர் பாடியிருப்பது, சங்கரநாராயணர் கோயில் கொண்ட மண்ணுக்கு இயல்பானதே.

ஊற்றுமலை அரண்மனை

பத்தொன்பதாம் நூற்றாண்டின் தென்பாண்டி நாட்டில் தமிழ்ப் புலவர்கள் மடங்களையும் ஜமீன்களையும் நம்பி வாழ்ந்தனர். எட்டயபுரம், சேற்றூர், சிவகிரி, ஊற்றுமலை ஆகிய ஜமீன்கள் புலவர்களையும் இசைவாணர்களையும் ஆதரித்தன. வீரகேரளம்புதூரைத் தலைமையிடமாகக் கொண்ட ஊற்றுமலை ஜமீனின் தலைவர் இருதயாலய மருதப்பத் தேவர். தாமே தமிழறிந்தவர். பழைய ஏடுகளைத் தேடி உ. வே. சாமிநாதையர் தென்னாட்டில் மேற்கொண்ட பயணங்களில் ஊற்றுமலைக்கும் சென்றார். ஜமீன்தாரின் தமிழ்ப் பற்றைத் தம் எழுத்துகளில் பாராட்டிப் பதிவு செய்தார்.

அண்ணாமலை ரெட்டியார் இவருடைய அவைக்களப் புலவரானார். மருதப்பத் தேவர் கழுகுமலை முருகனுக்குக் காவடி எடுத்துச் சென்றபோது உடன் சென்ற புலவர் வழிநெடுகப் பாடிய பாடல்களே காவடிச் சிந்து என்பது பரவலாக வழங்கும் செய்தி. வீரகேரளம்புதூரிலிருந்து கழுகுமலை 30 கிலோமீட்டருக்கும் அதிகத் தொலைவு. சுமையுடன் நடப்போருக்குக் களைப்புத் தெரியாமல் இருக்கவேண்டும். கூட்டம் சிதறாமல் ஒரே நடையில் செல்லவேண்டும். ஒரு முறை கேட்டதும் திருப்பிப் பாட வாய்க்கவேண்டும். இம்மூன்று தேவைகளும் பாட்டின் வடிவத்தைத் தீர்மானித்தன.

நூலின் அமைப்பு

கழுகுமலைக் காவடிச் சிந்து இருபதுக்கு மேற்பட்ட பாடல்கள் கொண்ட நூல். விநாயகர் துதி, முருகன் துதி ஆகியவற்றில் தொடங்குகிறது. கோயில் வளம், நகர் வளம், வாவி வளம் என்று தலத்தின் சிறப்பு தொடர்கிறது. அடுத்துத் தலைவன், தலைவி, தோழி, தாய் ஆகியோர் கூற்றாக அகத்துறைப் பாடல்கள் வருகின்றன. புலவர் தம் பெயரையும் ஊரின் பெயரையும் பாட்டுக்குள்ளேயே பதித்திருக்கிறார். வாய்மொழியாகப் பரவிய பிறகும் இது இன்னார் பாட்டு என்பது மறக்கப்படாமல் இருந்ததற்கு அது ஒரு காரணம்.

இந்த அமைப்பு வழிநடைக்கும் பொருந்துகிறது. புறப்படும்போது துதி, நடுவழியில் போய்ச் சேரவேண்டிய ஊரின் அழகு. ஊரைக் காணாதவனுக்கு ஊரைச் சொல்லி வழிநடத்துவது தமிழில் பழைய உத்தி. பரிசில் பெற்றவன் பெறாதவனுக்கு வள்ளலின் ஊரைச் சொல்லும் ஆற்றுப்படையும், முருகனிடம் வழிப்படுத்தும் திருமுருகாற்றுப்படையும் அவ்வகையின. காவடிச் சிந்தில் அந்த மரபு வழிநடப்போரின் வாய்க்கே வந்துவிடுகிறது. வழிகாட்டுபவனும் வழிச்செல்பவனும் ஒருவனாகிவிடுகிறார்கள்.

பிரிவாற்றாமைப் பாடல்கள்

வழிபாட்டுக்காகச் செல்லும் கூட்டம் காதல் துயரைப் பாடுவது இன்றைய வாசகருக்கு வியப்பைத் தரலாம். தமிழ்ப் பக்தி மரபில் இது புதிதன்று. நம்மாழ்வாரும் திருமங்கையாழ்வாரும் தம்மைத் தலைவியாகப் பாவித்துப் பாடினர். தேவாரத்திலும் அத்தகைய பாடல்கள் உண்டு. தலைவனைக் காணாத பெண்ணின் ஏக்கமும், கடவுளைக் காணாத உயிரின் ஏக்கமும் ஒரே சொல்லில் பேசப்பட்டன.

அண்ணாமலை ரெட்டியாரின் தலைவி கழுகுமலை முருகனை எண்ணி உருகுபவள். நிலவு சுடுகிறது, தென்றல் வருத்துகிறது, மன்மதன் கணை தைக்கிறது, தோழி தூது போகவேண்டும். இவை எல்லாம் சிற்றிலக்கியங்களில் பலமுறை சொல்லப்பட்டவைதான். கோவையிலும் உலாவிலும் தூதிலும் இவற்றைப் படித்தவர்கள் ஏட்டுக் கல்வி பெற்ற சிலர். சிந்தில் இவற்றைப் பாடியவர்களோ உழவும் நெசவும் செய்து, விரதமிருந்து காவடி தூக்கியவர்கள். அகத்துறையின் சொல்வளம் அவர்களுடைய சொந்தச் சொல்லாயிற்று. காலில் கொப்புளத்துடன் கோயிலை நோக்கி நடப்பவனுக்கு, இன்னும் காணக் கிடைக்காத ஒருவனை நினைத்து வருந்தும் பெண்ணின் குரல் அந்நியமாக இராது. இலக்கியத் துறையாக இருந்த பிரிவு இங்கே உடம்பின் அனுபவத்தோடு சேர்ந்துகொண்டது.

தனிமனிதத் துயரைக் கூட்டத்தின் தாளத்தில் வைக்கும் வழக்கம் உலகின் பல இசை மரபுகளிலும் உண்டு. 1980களின் நடுவில் அமெரிக்காவின் வாஷிங்டன் நகரில் பங்க் ராக் இசையிலிருந்து 'இமோ' என்ற ராக் இசைக் கிளை தோன்றியது. 'ரைட்ஸ் ஆஃப் ஸ்பிரிங்' என்னும் குழு 1985-இல் வெளியிட்ட இசைத்தொகுப்பு அதன் முன்னோடியாகக் கருதப்படுகிறது. வேகமான தாளத்தின் மேல் பாடகர் தம் இழப்பையும் ஏக்கத்தையும் வெளிப்படையாகப் பாட, கேட்போரும் உடன் பாடுவது அதன் இயல்பு. இரண்டுக்கும் வரலாற்றுத் தொடர்பு எதுவும் இல்லை. ஆனால் வேறுபாடு கவனிக்கத்தக்கது. இமோ பாடகர் 'இது என் துயரம்' என்று பாடுகிறார். காவடிச் சிந்தில் துயரம் பெயரில்லாத ஒரு தலைவிக்கு உரியது. புலவரின் சொந்த வாழ்வைப் பற்றி அதில் எதையும் அறிய முடியாது. சங்க அகப்பாடலில் தலைவன், தலைவியின் பெயரைச் சுட்டக்கூடாது என்ற விதியின் நீட்சி அது. யாருடைய துயரமும் அன்று என்பதால் பாடும் எவரும் அதைத் தமதாக்கிக்கொள்ள முடிந்தது.

மூன்றன் நடையும் செஞ்சுருட்டியும்

காவடிச் சிந்தின் அடையாளம் அதன் மூன்றன் நடை. இசைக்கலைஞர்கள் இதைத் திஸ்ர நடை என்பர். 'தகிட, தகிட' என்னும் சொற்கட்டைச் சொல்லிக்கொண்டே நடந்தால் இதன் பொருத்தம் புரியும். ஓர் அடி வைக்கும் நேரத்தில் மூன்று சிறு அலகுகள் ஓடுகின்றன. கால் முதல் அலகில் ஊன்றுகிறது. மற்ற இரண்டிலும் தோளில் உள்ள காவடி அசைந்து அடங்குகிறது. நடையும் ஆட்டமும் ஒரே தாளத்தில் அமைகின்றன. காவடியாட்டத்துக்கு நையாண்டி மேளத்தின் நாகசுரமும் தவிலும் பம்பையும் சேரும்போது இந்த நடை இன்னும் துலங்கும்.

இப்பாடல்களுடன் பெரிதும் தொடர்புபடுத்தப்படும் ராகம் செஞ்சுருட்டி. அரிகாம்போதியின் சேய் ராகமான இது, நாட்டுப்புற மெட்டுகளில் மிகுதியாகப் பயில்வது. மேல்ஸ்தாயியில் நெடுக ஏறாமல் நடுக்குரலின் எல்லைக்குள்ளேயே பெரும்பாலும் உலவும். நடந்துகொண்டே பாடுபவருக்கு மூச்சு போதவேண்டும். குரல் பயிற்சி இல்லாத பலர் ஒரே சுருதியில் சேரவேண்டும். செஞ்சுருட்டி இரண்டுக்கும் இடம் தருகிறது.

சொல்லமைப்பும் இதற்குத் துணை நிற்கிறது. ஒரு நீண்ட அடி சிறு சிறு துண்டுகளாக உடைகிறது. ஒவ்வொரு துண்டின் முடிவிலும் ஒத்த ஓசைச் சொல் வந்து அடுத்த துண்டை நினைவுக்குக் கொண்டுவருகிறது. எதுகை தொடக்கத்திலும் இயைபு முடிவிலும் கட்டுவதால், எழுதப் படிக்கத் தெரியாதவரும் வரிசை பிசகாமல் பாட முடிகிறது. திரிபந்தாதியில் புலவர்களை வியக்க வைக்கப் பயன்பட்ட அதே ஓசைப் பயிற்சி, சிந்தில் நினைவாற்றலுக்கு உதவும் கருவியாயிற்று. அருணகிரிநாதரின் சந்தம் இதற்கு முன்னோடி. ஆனால் திருப்புகழின் நீண்ட தொடர்ச் சொற்களைப் பிழையின்றிப் பாடப் பயிற்சி வேண்டும். அண்ணாமலை ரெட்டியார் வடசொல்லும் செந்தமிழும் வழக்குச் சொல்லும் கலந்து, சந்தத்தின் மிடுக்குக் குறையாமல் நாவுக்கு எளிதாக்கினார். அதற்காகப் புலமையை அவர் விட்டுவிடவில்லை. சிலேடையும் உவமையும் உயர்வு நவிற்சியும் பாடல்களில் நிறைந்திருக்கின்றன. பொருள் முழுதும் விளங்காதவரும் ஓசையால் ஈர்க்கப்படுவர். விளங்கியவர் மீண்டும் கேட்பர்.

ஏடு, அச்சு, வாய்

இந்நூல் தோன்றிய காலம் தமிழ் நூல்களின் இருப்பே ஐயத்துக்கு உள்ளாகியிருந்த காலம். பனையோலைகள் சிதைந்துகொண்டிருந்தன. கரிவலம்வந்தநல்லூரில் நடந்ததை உ. வே. சாமிநாதையர் தம் 'என் சரித்திரம்' நூலில் எழுதியிருக்கிறார். வரகுணராம பாண்டியர் சேர்த்து வைத்த ஏடுகளைத் தேடி அவர் கோயிலுக்குச் சென்றார். பழைய ஏடுகளை நெய்யில் தோய்த்து ஆகுதியாக நெருப்பில் இட்டுவிட்டதாக அங்கே அவருக்குச் சொல்லப்பட்டது. ஆகமத்தில் அப்படித்தான் சொல்லியிருக்கிறது என்பது விளக்கம். அண்ணாமலை ரெட்டியார் மும்மணிக்கோவை பாடிய அதே தலம் அது. ஒரு வட்டாரத்தின் எழுத்துச் செல்வம் எவ்வளவு எளிதில் அழியக்கூடியது என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை.

மறுபுறம், அச்சுக்கூடம் சிந்துக்குப் புதிய வாழ்வு தந்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் சென்னைக் குஜிலிக் கடைத்தெருவில் மலிவான தாளில் சில பக்கங்களே கொண்ட பாட்டுப் புத்தகங்கள் அச்சாகின. தாது வருடப் பஞ்சம் (1876–78), வெள்ளம், ரயில் விபத்து, கொலை என ஊரைக் கலக்கிய செய்திகள் எல்லாம் சிந்தாகப் பாடப்பட்டு, சந்தைகளிலும் திருவிழாக்களிலும் காசுக்கு விற்கப்பட்டன. விற்பவர் பாடிக்காட்டியே விற்பார். ஒரு பாட்டு, ஒரு மெட்டு, ஒரு காசு என்ற இந்த வணிகம் இசைத்தட்டு வருவதற்கு முன்பே தனிப்பாட்டுக்குச் சந்தை இருந்ததைக் காட்டுகிறது. படித்தவர்கள் சிந்தை 'தெருப்பாட்டு' என்று ஒதுக்கியதற்கும் இது ஒரு காரணம். மடத்தில் பயின்று அரண்மனை அவையில் இருந்த ஒருவர் அந்த வடிவத்தை எடுத்து ஆண்டது எத்தகைய துணிவு என்பது இந்தப் பின்னணியில்தான் விளங்கும்.

தெருவும் உரிமையும்

பாட்டு எல்லோர் வாயிலும் ஏறக்கூடியது. ஆனால் அது சென்று சேரும் சன்னிதி எல்லோருக்கும் திறந்திருக்கவில்லை. சென்னை மாகாணத்தின் பெருங்கோயில்களில் பல சாதியினருக்கு நுழைவு மறுக்கப்பட்டிருந்தது. தேரோடும் வீதிகளில் ஊர்வலம் செல்வதற்கும் தடைகள் இருந்தன. கழுகுமலை வீதிகளில் ஊர்வலம் செல்லும் உரிமை பற்றி நாடார் சமூகத்தாருக்கும் ஜமீன் தரப்பினருக்கும் இடையே எழுந்த பூசல் நீதிமன்றம் வரை சென்றது. 1895-இல் அது உயிர்ச்சேதம் விளைவித்த கலவரமாக முடிந்தது. அண்ணாமலை ரெட்டியார் மறைந்து நான்கே ஆண்டுகள் கழிந்திருந்தன. அவர் நகர் வளம் பாடிய ஊர் அது.

1939-இல் மதுரை மீனாட்சியம்மன் கோயில் நுழைவும், அதை ஒட்டிச் சென்னை மாகாணத்தில் இயற்றப்பட்ட கோயில் நுழைவுச் சட்டமும் நிலைமையை மாற்றத் தொடங்கின. காவடிச் சிந்தின் வரலாற்றை எழுதும்போது பக்தியின் பொதுமையை மட்டும் பேசி இந்தப் பகுதியை விட்டுவிட இயலாது. பாட்டு முன்னே சென்றது. உரிமை அரை நூற்றாண்டு கழித்தே அதன் பின்னால் வந்தது.

பாரதியும் பின்வந்தோரும்

அண்ணாமலை ரெட்டியார் 1891-இல் மறைந்தபோது எட்டயபுரத்தில் சுப்பிரமணியன் என்ற சிறுவனுக்கு ஒன்பது வயது நிரம்பவில்லை. பின்னாளில் பாரதியாரான அவர் வளர்ந்தது காவடிச் சிந்து ஒலித்த இதே வட்டாரத்தில். முருகன் மீது அவர் பாடிய சில பாடல்களில் காவடிச் சிந்தின் நடை தெளிவாகக் கேட்கிறது. 1912-இல் வெளியான பாஞ்சாலி சபதத்தின் முன்னுரையில், எளிய சொல்லும் எளிய நடையும் பொதுமக்கள் விரும்பும் மெட்டும் கொண்டு காவியம் செய்வதே தமிழுக்கு உயிர் தருவதாகும் என்ற கருத்தை அவர் முன்வைத்தார். அக்காவியத்தின் பெரும்பகுதி சிந்தில் அமைந்தது. மகாபாரதக் கதையைச் சிந்தில் பாடலாம் என்ற துணிவுக்குப் பின்னால், சிந்து புலமையைத் தாங்கும் என்று ஏற்கெனவே காட்டியிருந்த சென்னிகுளத்துப் புலவரின் சாதனை நிற்கிறது.

இருபதாம் நூற்றாண்டில் காவடிச் சிந்து கருநாடக இசைக் கச்சேரிகளின் பிற்பகுதியில் துக்கடாவாக இடம்பெற்றது. நாகசுரக் கலைஞர்கள் சாமி புறப்பாட்டில் அதை வாசித்தனர். திரைப்பட இசையும் அதன் மெட்டையும் நடையையும் பலமுறை எடுத்துக்கொண்டது. தமிழர் குடியேறிய மலேசியா, சிங்கப்பூர், இலங்கை ஆகிய நாடுகளில் காவடி வழிபாடு தொடர்வதால், காவடிப் பாட்டின் நடை அங்கும் பழக்கமானது. மேடைக்கு வந்தபோது அது சிலவற்றை இழந்தது. அமர்ந்து பாடுபவருக்கு அடிவைப்பின் கட்டுப்பாடு இல்லை. வாங்கிப் பாடும் கூட்டமும் இல்லை. நிலைத்தது மெட்டும் சொல்லும்.

இலக்கிய இடம்

அண்ணாமலை ரெட்டியாரின் காவடிச் சிந்து நாட்டார் பாடலா, புலவர் பாடலா என்ற கேள்வி எழுவதுண்டு. மெட்டும் நடையும் பயன்பாடும் நாட்டாருடையவை. துறையும் அணியும் சொல்லாட்சியும் புலவருடையவை. இரண்டில் ஒன்றை விலக்கிவிட்டால் நூல் இல்லை. ஏட்டில் கற்றதைத் தெருவுக்குக் கொண்டு செல்லும்போது தரம் குறைக்கவேண்டும் என்று அவர் கருதவில்லை என்பதே அவருடைய தனிச்சிறப்பு. காவடி தூக்குபவனுக்கும் சிலேடை புரியும், அகத்துறை புரியும் என்ற நம்பிக்கை அவருடைய பாடல்களில் உள்ளது.

அந்த நம்பிக்கை பொய்க்கவில்லை. திரிபந்தாதியைப் படித்துப் பொருள் சொல்லக்கூடியவர்கள் அருகிவிட்டனர். வீரை பிள்ளைத்தமிழைத் தேடிப் படிப்போரும் சிலரே. சங்கரன்கோவிலிலிருந்து கழுகுமலைக்குப் பேருந்தில் ஒரு மணி நேரத்துக்குள் போய்விடலாம். ஆனாலும் விரதமிருந்து காவடியுடன் நடப்பவர்கள் இன்றும் இருக்கிறார்கள். அவர்கள் பாடும் பாட்டுகளில் பல புதியவை. அவற்றின் நடை பெரும்பாலும் பழைய 'தகிட'தான்.